பால் கணக்கும் புல்லாங்குழலும்: இழப்பற்ற ஒலி சுருங்கும் விதம்

ஆப்பிள் மியூசிக் 2021இல் 'லாஸ்லெஸ்' எனப்படும் இழப்பற்ற ஒலியைக் கூடுதல் கட்டணமின்றி வழங்கத் தொடங்கியது முதல், பண்ணைப்புரத்தில் பிறந்த இளையராஜாவின் 'ஹவ் டு நேம் இட்?' (1986), 'நத்திங் பட் விண்ட்' (1988) ஆகிய தொகுப்புகளை அவ்வடிவில் கேட்டால் புதிய நுணுக்கங்கள் புலப்படுமா என்ற கேள்வி, மதுரையின் ரெக்கார்டிங் சென்டர்களில் பட்டியல் கொடுத்துக் கேசட் பதிந்து வாங்கிய தலைமுறைக்கும் எழுகிறது. விளம்பரங்கள் தரும் விடையைக் காட்டிலும் இழப்பற்ற ஒலிக்கோப்பு சுருங்கும் விதமே வியப்புக்குரியது.

குறுந்தகட்டில் ஒலியலையின் உயரம் வினாடிக்கு 44,100 முறை அளக்கப்பட்டு, ஒவ்வோர் அளவும் 16 பிட் எண்ணாகப் பதிவாவதால், இரு தடங்களுக்கும் வினாடிக்கு ஏறத்தாழ 14 லட்சம் பிட்டுகள் வேண்டும். செவி உணராது என்று கருதுவதை எம்பி3 களைந்துவிடுகிறது. 'ஃப்ளாக்' எனும் இழப்பற்ற வடிவமோ எதையும் களையாமல், முந்தைய சில அளவுகளிலிருந்து அடுத்ததைக் கணித்து, கணிப்புக்கும் உண்மைக்கும் இடையிலான வேறுபாட்டை மட்டும் எழுதுகிறது. இது பால் கணக்கைப் போன்றது: நாள்தோறும் ஒரு லிட்டர் பால் வாங்கும் வீட்டில், அளவு மாறிய நாளை மட்டும் நாட்காட்டியில் குறித்தால் போதும். மாத முடிவில் கணக்கு துளி பிசகாது. மகள் பேறுகாலத்துக்கு வந்துவிட்டால் 'இனி ஒன்றரை லிட்டர்' என்று புது விதி எழுதப்படுவதைப் போல, ஃப்ளாக்கும் சில ஆயிரம் அளவுகள் கொண்ட ஒவ்வொரு பகுதிக்கும் தனிக் கணிப்பு விதியை வகுக்கிறது. சித்திரைத் திருவிழாவுக்கு உறவினர் வந்து போகும் வீட்டிலோ நாள்தோறும் குறிப்பு விழும், சிக்கனம் இராது. 'நத்திங் பட் விண்ட்' தொகுப்பில் ஹரிபிரசாத் சௌராசியாவின் குழலில் சீராக நீளும் சுரம் கணிப்புக்கு எளிதில் அடங்க, அதனுடன் கலந்த மூச்சின் இரைச்சல் அடங்காமல் வேறுபாட்டு எண்களாக மிஞ்சுகிறது; மூச்சுக்கே பிட்டுகள் மிகுதியாகச் செலவாகின்றன என்பது எண்ணி மகிழத்தக்கது.

இத்தகைய கணிப்புக்கு அடிப்படையான நேரியல் கணிப்பைப் பேச்சொலிக்காக 1960களின் இறுதியில் பெல் ஆய்வகத்தில் வளர்த்தவர்களுள் இந்தியரான பிஷ்ணு அடல் முதன்மையானவர். மிஞ்சும் வேறுபாடுகளைப் போன்ற சிற்றெண்களைச் சுருக்கி எழுதும் முறையை வகுத்தவர் ராபர்ட் ரைஸ். ஃப்ளாக்கின் முதற்பதிப்பு 2001இல் முழுமை பெற்றது.

எனினும் மிகைக்கு இடமில்லை. வழக்கமான புளூடூத் இணைப்பு, ஒலியை மீண்டும் இழப்புடன் சுருக்கியே காதொலிப்பானுக்கு அனுப்புகிறது. தேய்ந்த கேசட்டிலிருந்து எடுத்த ஃப்ளாக், தேய்மானத்தையே பிசகின்றிக் காக்கிறது. 320 கிலோபிட் எம்பி3யிலிருந்து இழப்பற்ற ஒலியை, எது எதுவென்று அறியாமல் கேட்கும் சோதனைகளில் பெரும்பாலோர் பிரித்தறிவதில்லை. இழப்பற்ற வடிவம் உண்மையில் இன்றியமையாதது ஆவணக்காப்பகத்துக்கே. 1976இன் 'அன்னக்கிளி' திரைப்படக் காலத்துக் காந்தநாடாக்கள் வெப்பத்திலும் ஈரத்திலும் சிதையக்கூடியவை. அவற்றை எம்பி3யாக மாற்றிச் சேமித்தால் பின்வரும் ஒவ்வொரு மறுசுருக்கத்திலும் இழப்பு கூடும், ஃப்ளாக்காகச் சேமித்தால் எத்தனை முறை விரித்தாலும் அதே எண்கள் கிடைக்கும்.