திரை நாயகியர்: ஜானுவும் குந்தவையும்

திரிஷா கிருஷ்ணன் 1983 மே 4 அன்று சென்னையில் பிறந்தார். பாலக்காட்டு ஐயர் குடும்பம். சர்ச் பார்க் பள்ளியில் படித்து, எத்திராஜ் மகளிர் கல்லூரியில் வணிக நிர்வாகம் பயின்றார். குற்றவியல் உளவியல் படிக்க வேண்டும் என்பதே அன்றைய ஆசை. படிக்கும் காலத்திலேயே விளம்பரங்களுக்கு மாடலாக நின்றார். 1999-இல் மிஸ் சென்னை ஆனார். 2001 மிஸ் இந்தியா போட்டியில் பட்டம் கைக்கு வரவில்லை. அழகான புன்னகைக்கான துணைப் பட்டம் வந்தது. இடையே ஃபால்குனி பாடக்கின் இந்திப் பாடல் வீடியோ ஒன்றிலும், ‘ஜோடி’ (1999) படத்தில் சிம்ரனின் தோழியாகச் சில நிமிடங்களும் தோன்றியிருந்தார்.

மாடலிங் வழியே திரைக்கு வந்தவர் இவர்; சோழநாட்டிலிருந்து சினிமாவுக்குப் போன பழைய பாதை வேறு. தஞ்சாவூரில் 1922-இல் பிறந்த டி.ஆர். ராஜகுமாரி, பாட்டே குலச்சொத்தான வீட்டுப் பெண். ‘ஹரிதாஸ்’ (1944), ‘சந்திரலேகா’ (1948) என்று அவர் உச்சிக்குப் போனபோது பாட்டும் ஆட்டமும் அவருக்கு முன்னால் நடந்தன, கேமரா பின்னால் வந்தது. அரை நூற்றாண்டில் இந்த வரிசை தலைகீழானது. அழகிப் போட்டி மேடையும் விளம்பரப் படப்பிடிப்பும் கதாநாயகிகளின் நாற்றங்கால் ஆயின. நாற்று எங்கே வேர் பிடிக்கும் என்பது நடவுக்குப் பிறகுதான் தெரியும்.

திரிஷா முதலில் ஒப்புக்கொண்ட படம் பிரியதர்ஷனின் ‘லேசா லேசா’. அது தாமதமாகி 2003-இல்தான் வந்தது. அதற்குள் அமீரின் ‘மௌனம் பேசியதே’ (2002) அவரை நாயகியாக்கிவிட்டது. ‘சாமி’ (2003), ‘கில்லி’ (2004) இரண்டும் பெரிய வெற்றி. தெலுங்கில் ‘வர்ஷம்’ (2004), ‘நுவ்வொஸ்தானன்டே நேனொத்தன்டானா’ (2005) படங்களுக்காக அடுத்தடுத்து ஃபிலிம்ஃபேர் விருதுகள் கிடைத்தன. இந்தக் காலத்துப் படங்கள் பலவற்றில் அவர் செய்ய வேண்டியிருந்தது கொஞ்சம்தான். ‘கில்லி’யில் தனலட்சுமி படம் முழுக்க ஓடுகிறாள், ஒளிகிறாள், காப்பாற்றப்படுகிறாள். அந்தப் பயத்தை அவர் நம்பும்படி செய்தார் என்பதே அந்தப் பாத்திரத்தில் சொல்லக்கூடியது. படம் 2024 ஏப்ரலில் மறுபடி திரைக்கு வந்தபோதும் அரங்குகள் நிரம்பின.

‘அபியும் நானும்’ (2008) மகளாகவும், ‘விண்ணைத்தாண்டி வருவாயா’ (2010) ஜெஸ்ஸியாகவும் நடித்தபோது நிலைமை மாறியது. ஜெஸ்ஸி மனதுக்குள் ஒன்றை வைத்துக்கொண்டு முகத்தில் வேறொன்றைக் காட்டும் பெண். கேமரா முன் அசையாமல் நிற்கப் பழகிய மாடலுக்கு அந்தப் பழக்கம் நடிப்பாகக் கைகொடுத்த முதல் பாத்திரம் இது என்று சொல்லலாம். குரல் மட்டும் அவருடையதல்ல, பாடகி சின்மயி கொடுத்தது. தமிழ் பேசும் நடிகைக்கும் இரவல் குரல் வைப்பது தமிழ் சினிமாவின் நெடுநாள் வழக்கம்.

நிலைத்து நிற்கக்கூடிய இரண்டு பாத்திரங்களும் அவருக்கு 35 வயதான பிறகே திரைக்கு வந்தன. இருவரும் காவிரிக்கரைப் பெண்கள்.

முதலாவது ‘96’ (2018). ஒளிப்பதிவாளர் பிரேம்குமார் இயக்கிய முதல் படம். தஞ்சாவூர்ப் பள்ளி ஒன்றில் படித்த ராமும் ஜானுவும் 22 ஆண்டுகள் கழித்து ஒரே ஓர் இரவு சந்திக்கிறார்கள். பள்ளிக் காட்சிகளில் ஜானுவாக நடித்தவர் கௌரி கிஷன். திரிஷாவுக்குக் கிடைத்தது சென்னையின் இரவுத் தெருக்களும் ஓர் அடுக்குமாடி வீடும்தான். கணவன், மகள் என்று சிங்கப்பூரில் வாழும் ஒருத்தி அந்தத் தஞ்சாவூர் மாணவியை முகத்திலேயே திரும்பக் கொண்டுவர வேண்டும். ராம் பள்ளி நாளில் கேட்டுக் கேட்டும் ஜானு பாடாத பாட்டு ஒன்று உண்டு. மின்சாரம் போன வேளையில் அதை அவள் பாடத் தொடங்குகிறாள். புன்னகைக்காகப் பட்டம் வாங்கியவரின் ஆகச் சிறந்த காட்சி இருட்டில் ஆரம்பிக்கிறது. இங்கும் குரல் சின்மயியுடையது. அழுகையை அடக்கும் அந்த முகம் திரிஷாவுடையது. தமிழில் சிறந்த நடிகைக்கான ஃபிலிம்ஃபேர் விருதை இந்தப் படம் அவருக்குப் பெற்றுத் தந்தது.

இரண்டாவது குந்தவை. கல்கி 1950 முதல் 1954 வரை வார இதழில் எழுதிய ‘பொன்னியின் செல்வன்’ தொடரை மணிரத்னம் 2022-இலும் 2023-இலும் இரு பாகங்களாகப் படமாக்கினார். ‘ஆய்த எழுத்து’க்கு (2004) 18 ஆண்டுகளுக்குப் பின் திரிஷா அவரிடம் மீண்டும் நடித்தார். குந்தவை கற்பனைப் பெண் அல்லள். சுந்தர சோழரின் மகள், ராஜராஜனின் தமக்கை. தான் கொடுத்தவற்றை அடுத்து ‘அக்கன்’ கொடுத்தவற்றையும் கல்லில் வெட்டச் சொன்ன ராஜராஜனின் ஆணை தஞ்சைப் பெரிய கோயிலில் இருக்கிறது. அவள் வாழ்ந்த பழையாறை இன்று கும்பகோணம் அருகே வயல் சூழ்ந்த சிற்றூர்.

உயர்ந்த கொண்டையும் கனத்த நகைகளும் பாத்திரத்தை எளிதில் விழுங்கிவிடும். திரிஷா அவற்றைச் சுமப்பதாகவே காட்டவில்லை. நிமிர்ந்த கழுத்தும் அவசரமில்லாத பார்வையும் போதும் என்று விட்டுவிட்டார். கதையில் குந்தவைக்கு எதிராளியான நந்தினியும் குந்தவையும் நேருக்கு நேர் நிற்கும் காட்சியில் எதிரே இருப்பவர் ஐஸ்வர்யா ராய். 1994-இன் உலக அழகியான அவரும் மாடலிங்கிலிருந்து வந்தவர். மணிரத்னத்தின் ‘இருவர்’ (1997) அவருடைய முதல் படம். இருவரும் குரலை உயர்த்தாமல் ஒருவரையொருவர் அளக்கிறார்கள். படத்தின் போர்க்களங்களைவிட இந்தக் காட்சிக்கே வலு அதிகம்.

இரண்டாம் பாகம் 2023 ஏப்ரல் 28 அன்று வெளியானது. ஆறு நாள் கழித்துத் திரிஷாவுக்கு 40 வயது நிறைந்தது.