எரிபொருள் குழாயை வாயில் வைக்காதீர்கள்

படகின் தொட்டியிலிருந்து நீர் கலந்த டீசலையோ மண்ணெண்ணெயையோ வெளியேற்ற, ரப்பர் குழாயின் ஒரு முனையைத் தொட்டியிலிட்டு மறுமுனையை வாயால் உறிஞ்சும் வழக்கம் மீனவரிடையே நெடுநாளாக உள்ளது. அதனால் நேரும் தீங்கை இங்கே விளக்குகிறோம்.

இவ்வெண்ணெய்கள் வயிற்றைவிட நுரையீரலுக்கே மிகுந்த கேடு செய்வன. புரையேறும்போது சிறிதளவு மூச்சுக்குழாயில் இறங்கினாலும், நுரையீரலில் விரைந்து பரவி அழற்சியை உண்டாக்கும். இருமல், மூச்சுத்திணறல், நெஞ்சுவலி, காய்ச்சல் ஆகியன உடனேயோ சில மணி நேரம் கழித்தோ தோன்றலாம். ஆகவே, இருமல் தணிந்துவிட்டது என்று வீட்டிலேயே இருந்துவிடுதல் தகாது.

விழுங்கியவரை வாந்தியெடுக்கச் செய்யாதீர்கள். வாந்தியின்போது எண்ணெய் மீண்டும் நுரையீரலுக்குள் புகக்கூடும். உப்புநீர், பால் முதலியவற்றையும் கொடுக்க வேண்டா. எண்ணெய் பட்ட உடையைக் களைந்து, தோலைச் சோப்பிட்டுக் கழுவி, 108 ஐ அழையுங்கள். எந்த எரிபொருள், எப்போது நேர்ந்தது என்பவற்றை மருத்துவரிடம் கூறுங்கள்.

தொட்டியைக் காலிசெய்யக் கைப்பம்பையே பயன்படுத்துங்கள். அதற்குமுன் எஞ்சினை நிறுத்தி ஆறவிடுங்கள். பெட்ரோல் ஆவி காற்றைவிடக் கனமானது. படகின் அடித்தளத்தில் தங்கிச் சிறு பொறியிலும் தீப்பற்றும். எனவே, காற்றோட்டமான இடத்தில் வேலை செய்யுங்கள். பீடி, அடுப்பு எதுவும் அருகில் இருத்தலாகாது.

வடித்த எண்ணெயைத் தண்ணீர்ப் புட்டியில் ஒருபோதும் ஊற்றி வைக்காதீர்கள். தாகத்தோடு வரும் குழந்தைக்கு அது தண்ணீராகவே தோன்றும்.