சதுரங்கத்தின் தகப்பன்சாமிகள்

திருவாரூர் மாவட்டத்தில், நீடாமங்கலத்துக்கும் மன்னார்குடிக்கும் இடையே, திருப்பூவனூர் என்னும் பாடல் பெற்ற தலம் அமைந்துள்ளது. அப்பர் பெருமான் பதிகம் பாடிய அவ்வூரில் எழுந்தருளியுள்ள இறைவனுக்குச் சதுரங்க வல்லபநாதர் என்பது திருநாமம். சதுரங்கத்தில் எவராலும் வெல்ல இயலாதவளாக விளங்கிய அரசிளங்குமரி ராஜராஜேஸ்வரியை, முதியவர் ஒருவரின் திருக்கோலத்தில் வந்து, உடன் அமர்ந்து ஆடி, வென்று மணந்தார் எம்பெருமான் என்று தலபுராணம் உரைக்கிறது.

பூவனூரில் வென்றவர் முதியவர். இன்றைய சதுரங்க உலகிலோ நிலைமை தலைகீழ். நரைத்த தலைகளை, மீசை அரும்பாத சிறுவர்கள் வெல்கிறார்கள். பூவனூரில் மூத்தவராய் வந்து வென்ற அதே பெருமான்தான் சுவாமிமலையில் தம் மகனிடம் பாடம் கேட்கச் செவி சாய்த்தவர் என்பதை நினைத்தால், இதிலும் வியப்பில்லை. அப்படித் தம்மினும் இளையவருக்கு இடம் தந்த ஒருவரின் வரலாறு இது.

1969-ஆம் ஆண்டு மயிலாடுதுறையில் பிறந்தவர் விஸ்வநாதன் ஆனந்த். அவருக்கு முதன்முதலில் காய் நகர்த்தக் கற்றுக்கொடுத்தவர் தாயார் சுசீலா அம்மையார். ரயில்வேயில் உயர்பதவி வகித்த தந்தையார் பணி நிமித்தம் பிலிப்பைன்ஸ் நாட்டுக்குச் செல்ல, குடும்பமும் மணிலாவில் சில காலம் தங்கியது. அங்கே தொலைக்காட்சியில் நாள்தோறும் பகல்வேளையில் சதுரங்க நிகழ்ச்சி ஒன்று வரும். மகன் பள்ளியில் இருக்கும் நேரம் அது. எனவே அம்மையார் அமர்ந்து பார்த்து, அன்றைய புதிரைத் தாளில் குறித்து வைப்பார். மாலையில் தாயும் மகனும் சேர்ந்து விடை கண்டு அனுப்புவார்கள். பரிசு, ஒரு சதுரங்க நூல். பையன் பல முறை பரிசு பெற்றதால், “வேண்டிய நூல்களையெல்லாம் எடுத்துக்கொள், இனி விடை மட்டும் அனுப்பாதே” என்று நிகழ்ச்சியினரே கேட்டுக்கொண்டார்களாம். ஆனந்த் பலமுறை மகிழ்ந்து சொன்ன செய்தி இது.

சென்னையில் அவருக்குக் களம் அமைத்துத் தந்தது, சோவியத் பண்பாட்டு மையத்தில் இயங்கிவந்த தால் சதுரங்கக் கழகம். அதற்கு வித்திட்டவர், 1961-இல் நாட்டின் முதல் சர்வதேச மாஸ்டராகிய மானுவல் ஆரோன். ஒருவர் போட்ட பந்தலில்தான் அடுத்தவர் கொடி படர்கிறது. 1987-இல் அதே பிலிப்பைன்ஸ் நாட்டில் உலக இளையோர் பட்டம் வென்ற ஆனந்த், மறு ஆண்டு இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார்.

இப்பட்டம் எளிதில் வருவதன்று. சர்வதேசத் தரவரிசைக் கணக்கில் 2500 புள்ளிகளைத் தொட வேண்டும். அத்துடன் வலிமை மிக்க போட்டிகளில் மூன்று முறை தகுதி பெற வேண்டும். தமிழகத்தின் ஷியாம்நிகில் 2012-இலேயே 2500 புள்ளிகளையும் இரண்டு தகுதிகளையும் பெற்றுவிட்டார். மூன்றாவது தகுதிக்கு அவர் காத்திருந்தது 12 ஆண்டுகள். 2024-இல் துபாயில் அது கிடைத்தபோது அவர் நாட்டின் 85-ஆவது கிராண்ட்மாஸ்டர். பன்னிரண்டு வயதில் பட்டம் பெறுவோரைப் போற்றும் நாம், பன்னிரண்டு ஆண்டு காத்திருந்தவரை ஏனோ அவ்வளவாகப் பேசுவதில்லை.

ஆனந்த் ஐந்து முறை உலகப் பட்டம் வென்றார். அவற்றுள் 2010-ஆம் ஆண்டு வெற்றிக்குத் தனிச்சுவை உண்டு. ஐஸ்லாந்தில் எரிமலை கக்கிய சாம்பலால் ஐரோப்பிய வான்வழிகள் மூடப்பட, ஜெர்மனியிலிருந்து பல்கேரியாவின் சோபியா நகருக்கு ஏறத்தாழ 40 மணி நேரம் சாலை வழியாகவே சென்று சேர்ந்தார். முதல் ஆட்டத்தில் தோற்றார். கடைசி ஆட்டத்தில், எதிராளி டோபலோவின் சொந்த மண்ணிலேயே, கறுப்புக் காய்களுடன் வென்று பட்டத்தைத் தக்கவைத்தார்.

அதற்கு மூன்றாண்டுகள் கழித்து, 2013 நவம்பரில், அவருடைய சொந்த ஊரான சென்னையில் அரங்கேறியது உலகப் பட்டப் போட்டி. பன்னிரண்டு ஆட்டங்களுக்குத் திட்டமிட்ட போட்டி பத்திலேயே முடிந்துவிட்டது. வென்றவர் நார்வேயின் மாக்னஸ் கார்ல்சன், அவருக்கு வயது 22. வேற்றூரில் தோற்றால் வீட்டுக்கு வந்து ஆறுதல் தேடலாம். வீட்டு வாசலிலேயே, ஊரார் கண்முன் தோற்பவர் எங்கே போவார்? அவர் ஒதுங்கிவிடுவார் என்றே பலரும் எண்ணினர். மறு ஆண்டே தகுதிப் போட்டியில் வென்று மீண்டும் கார்ல்சனை எதிர்கொண்டார், அப்போதும் தோல்விதான். 2017 டிசம்பரில், 48 வயதில், உலக அதிவேகச் சதுரங்கப் பட்டத்தை வென்றார். விளையாட்டை விடவுமில்லை, தோல்வியை மறைக்கவுமில்லை.

சென்னையில் அவர் தோற்றுக்கொண்டிருந்தபோது, ஆட்டக்காரர்கள் இருந்த கண்ணாடி அறைக்கு அப்பால், பார்வையாளர் வரிசையில் ஏழு வயதுச் சிறுவன் ஒருவன் இருந்தான். ஒருநாள் தானும் அவ்வறையினுள் அமர வேண்டும் என்று அன்று அவன் எண்ணிக்கொண்டான். அவன் பெயர் குகேஷ்.

குகேஷின் தந்தையார் காது, மூக்கு, தொண்டை அறுவை மருத்துவர். மகனுடன் நாடுநாடாகச் செல்வதற்காகத் தம் தொழிலையே நிறுத்திவைத்தார். நுண்ணுயிரியல் வல்லுநரான தாயாரின் வருவாயில் குடும்பம் நடந்தது. நண்பர்களும் பொருளுதவி செய்தனர். உடன்பிறந்தோரான வைஷாலி, பிரக்ஞானந்தா இல்லத்திலும் இதே கதைதான். நெற்றி நிறைய விபூதியுடன் பலகை முன் அமரும் அந்தப் பிள்ளைக்கு அயல்நாட்டிலும் ரசஞ்சாதம் கிடைக்க வேண்டும் என்று, தாயார் நாகலட்சுமி அடுப்பும் பாத்திரமும் உடன் எடுத்துச் செல்வாராம். கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்ற உலகின் முதல் அக்காள் தம்பி அவ்விருவரும்.

2020-இல் இந்தத் தலைமுறையின் சிறந்த பிள்ளைகளைத் தேர்ந்தெடுத்துப் பயிற்றுவிக்க ஆனந்த் ஒரு பயிலகம் தொடங்கினார். குகேஷும் பிரக்ஞானந்தாவும் அதில் உண்டு. 2022-இல் மாமல்லபுரத்தில் ஒலிம்பியாட் நடந்தபோது, தம் ஊருக்கருகே நடந்த அந்தப் பெருவிழாவில் அவர் ஆடவில்லை. பிள்ளைகளை ஆடவிட்டு வழிகாட்டியாக நின்றார். எட்டு ஆட்டங்களைத் தொடர்ந்து வென்று, முதற்பலகைக்கான தங்கப் பதக்கத்தைப் பெற்றார் குகேஷ்.

2023 செப்டம்பர் முதல் நாள் வெளியான தரவரிசையில் இந்தியாவின் முதலிடத்தில் குகேஷின் பெயர் இருந்தது. 1986 முதல் 37 ஆண்டுகள் அவ்விடத்தில் ஆனந்த் பெயரே இருந்துவந்தது. வீட்டுச் சாவிக்கொத்தை மருமகளிடம் கொடுப்பதற்கே நமக்கெல்லாம் எத்தனை மனப்போராட்டம்! இவரோ, தம்மை முந்தப்போகிறவர்கள் இவர்கள்தாம் என்று தெரிந்தே கற்றுக்கொடுத்தார்.

2024 டிசம்பர் 12. சிங்கப்பூரில் உலகப் பட்டப் போட்டியின் 14-ஆவது ஆட்டம், இறுதி ஆட்டம். இருவரும் சமநிலையில் இருந்தனர். முதல் ஆட்டத்திலேயே தோற்றுத் தொடங்கியவர் குகேஷ். அவருக்கு வயது 18. அன்றைய ஆட்டமும் சமனிலேயே முடியும் என்று அனைவரும் கருதிய வேளையில், நடப்புச் சாம்பியன் சீனாவின் டிங் லிரென் தம் யானையைப் பிழையான கட்டத்தில் வைத்துவிட்டார். சில நகர்த்தல்களில் எல்லாம் முடிந்தது. குகேஷ் தேம்பி அழுதார். பின்னர், கலைந்துகிடந்த காய்களை ஒவ்வொன்றாக எடுத்து, அவை முதலில் இருந்த கட்டங்களில் நிறுத்தி, பலகையை நோக்கிக் கைகூப்பினார். வெளியே தந்தையார், உள்ளே நடந்தது அறியாமல், அங்குமிங்கும் நடந்துகொண்டிருந்தார்.