மூன்றே ஆட்டம்

கூடைப்பந்து என்றாலே நெடுநெடுவென்று வளர்ந்தவர்கள்தானே கண்முன் வருவார்கள்? வாட் மிசாகா அப்படியில்லை, நேயர்களே. ஆறடிக்கு நன்றாகவே குறைவு. ஜப்பானிலிருந்து குடியேறிய பெற்றோருக்கு அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் பிறந்தவர். 1947-இல் நியூயார்க்கில் கல்லூரி அணிகளுக்கான போட்டித் தொடரின் இறுதி ஆட்டம். எதிரணி கென்டக்கியின் நட்சத்திரம் ரால்ஃப் பியர்டை நிழல்போல ஒட்டிக்கொண்டே ஓடி, ஒரே ஒரு புள்ளிதான் எடுக்கவிட்டார். மிசாகாவின் யூட்டா அணி ஜெயித்தது. அதே ஆண்டு நியூயார்க் நிக்ஸ் அணி அவரைச் சேர்த்துக்கொண்டது. நிக்ஸ் ஆடிய, பின்னாளில் என்பிஏ ஆன லீகில் வெள்ளையர் அல்லாத முதல் வீரர் அவர்தான். ஆனால் பாருங்கள், மூன்றே ஆட்டத்தோடு நீக்கிவிட்டார்கள்! வேடிக்கை காட்டி ஆடும் ஹார்லெம் குளோப்டிராட்டர்ஸ் கூப்பிட்டுப் பார்த்தது. மிசாகா மசியவில்லை. மூட்டையைக் கட்டிக்கொண்டு யூட்டாவுக்குத் திரும்பி, பொறியியல் படிப்பை முடித்து, இன்ஜினியராக வேலைக்குப் போய்விட்டார்.