வாள் அவளிடம், கதை அவனிடம்

ஜப்பானியக் காட்சி நாவல் விளையாட்டில் படமும் வசனமும் ஓடும். நாம் எடுக்கும் முடிவுக்கேற்பக் கதை கிளை பிரியும். 2004இல் வந்த ‘ஃபேட்/ஸ்டே நைட்’டில் ஆர்தர் மன்னரே பெண், பெயர் சேபர். வாளெடுத்தால் அவளுக்கு நிகரானவர்கள் குறைவு. ஆனால் கதையைப் பெரும்பாலும் ஷிரோ என்ற இளைஞனின் கண்வழியேதான் பார்க்கிறோம்; ஒரு கிளையில் அவள் அவன் காதலி. கோவில்பட்டிக் கரிசலில் கதை கேட்டு வளர்ந்தவர்களுக்கு இது புதிதா என்ன? ‘அல்லி அரசாணி மாலை’ என்ற கதைப்பாடலில் மதுரையை ஆண்ட அல்லியை அர்ச்சுனன் போரில் வெல்லவில்லை. பாம்பாக நுழைந்து, தூங்குகையில் தாலி கட்டினான். (வீரனுக்கு நல்ல வேலைதான்!)

சேபர் கடைசியில் காதலை விட்டுத் தன் கடமைக்கே திரும்புகிறாளே என்பார்கள். உண்மை, அல்லிக்கு அந்த உரிமைகூட இல்லை. ஆனாலும் அந்த முடிவு, ஷிரோவுக்காக நாம் சரியாகத் தேர்ந்தெடுத்தால்தான் வரும். இரு கதைகளிலும் வீரம் பெண்ணுடையது, தீர்மானம் ஆணுடையது.