பழைய மென்பொருள் திடீரென நிற்பது ஏன்? ‘காணாமல்போன டிஎல்எல்’ பிழையும் தீர்வும்

புதுதில்லி: விண்டோஸ் 10 இயங்குதளத்துக்கான மைக்ரோசாஃப்ட் நிறுவனத்தின் வழக்கமான ஆதரவு 2025 அக்டோபர் 14-ஆம் தேதியுடன் முடிவடைந்தது. பழைய கணினிகளைக் கைவிட்டுப் புதியவற்றுக்கு மாறும் கடைகள், பள்ளிகள், சிறு நிறுவனங்கள் ஆகியவற்றில், பல ஆண்டுகளாகப் பயன்பாட்டில் உள்ள கணக்கு மென்பொருள்கள் இயங்க மறுப்பதுண்டு. அப்போது, குறிப்பிட்ட டிஎல்எல் கோப்பைக் காணவில்லை அல்லது அது பதிவு செய்யப்படவில்லை என்ற அறிவிப்பு திரையில் தோன்றும்.

டிஎல்எல் என்பது என்ன?

பல மென்பொருள்களுக்கும் பொதுவாகத் தேவைப்படும் பணிகளுக்கான நிரல்களைத் தொகுத்து வைத்திருக்கும் கோப்பே டிஎல்எல். ஒரே நிரலை ஒவ்வொரு மென்பொருளிலும் தனித்தனியே சேர்க்க வேண்டியதில்லை என்பதால் வட்டிலும் நினைவகத்திலும் இடம் மிச்சமாகிறது. அதே வேளையில், அந்த ஒரு கோப்பு இல்லாவிட்டால் அதை நம்பியுள்ள அனைத்து மென்பொருள்களும் பாதிக்கப்படும்.

தரவை வடிவமைக்கும் கோப்பு

கணினி, தேதியையும் தொகையையும் நாம் காணும் வடிவில் சேமிப்பதில்லை. விஷுவல் பேசிக் மொழியில் தேதி என்பது 1899 டிசம்பர் 30-ஆம் தேதியிலிருந்து கடந்த நாள்களின் எண்ணிக்கை ஆகும். அதன்படி 1947 ஆகஸ்ட் 15 என்பது 17394 என்ற எண்ணாகவே பதிவாகிறது. அந்த எண்ணைத் தேதியாகவும், 125000.5 என்பதை 1,25,000.50 ஆகவும் மாற்றிக் காட்டுவது வடிவமைப்பு நிரலின் பணி.

1998-இல் வெளியான விஷுவல் பேசிக் 6 மொழியில் எழுதப்பட்ட மென்பொருள்களில், தரவுத்தளத்திலிருந்து படிவங்களுக்கு வரும் விவரங்களை வடிவமைக்க எம்எஸ்எஸ்டிடிஎஃப்எம்டி என்ற டிஎல்எல் கோப்பு பயன்படுகிறது. அம்மொழியின் அடிப்படை இயக்கக் கோப்புகள் விண்டோஸ் 11-இலும் இடம்பெற்றுள்ளன. ஆனால், இந்த வடிவமைப்புக் கோப்பை மென்பொருளை உருவாக்கியவரே நிறுவல் தொகுப்பில் சேர்த்து வழங்க வேண்டும். எனவே, நிறுவல் தொகுப்பைப் பயன்படுத்தாமல் மென்பொருளின் கோப்புறையை மட்டும் புதிய கணினிக்கு நகலெடுத்தால் பிழை ஏற்படுகிறது.

தரவு அழிந்துவிடுமா?

இல்லை. கணக்கு விவரங்கள் பொதுவாகத் தனித் தரவுத்தளக் கோப்பில் இருக்கும். காணாமல்போனது அவற்றைக் காட்ட உதவும் கருவி மட்டுமே. ஆயினும், எந்த முயற்சிக்கும் முன்பு தரவுத்தளக் கோப்பைத் தனியே நகலெடுத்து வைப்பது அவசியம்.

ஆபத்து எங்கே?

கோப்பின் பெயரை இணையத்தில் தேடி, அறிமுகமில்லாத தளத்திலிருந்து பதிவிறக்குவதே பெரிய ஆபத்து. டிஎல்எல் என்பது வெறும் தகவல் கோப்பு அன்று, இயங்கக்கூடிய நிரல். அதைக் கணினியில் பதிவு செய்யும் செயலே அதிலுள்ள நிரலை இயக்குகிறது. அதுவும் பெரும்பாலும் நிர்வாகி உரிமையுடன் நடைபெறுவதால், தீய நிரல் கலந்திருப்பின் கணினி முழுவதும் அதன் வசமாகக்கூடும்.

செய்ய வேண்டியவை

மூல நிறுவல் வட்டு அல்லது தொகுப்பைக் கொண்டு மென்பொருளை மீண்டும் நிறுவுவதே முதன்மையான தீர்வு. அது கிடைக்காவிட்டால் மென்பொருளை வழங்கியவரை அணுகலாம். பழைய கணினி இயங்கும் நிலையில் இருந்தால், அதிலுள்ள கோப்பை வைரஸ் சோதனைக்குப் பின் எடுத்துப் பயன்படுத்தலாம். இது 32 பிட் கோப்பு என்பதால், 64 பிட் விண்டோஸில் ‘சிஸ்டம்32’ கோப்புறையில் அல்லாமல் ‘சிஸ்வாவ்64’ கோப்புறையில் வைத்து, நிர்வாகி உரிமையுடன் பதிவு செய்ய வேண்டும்.

இணையவழி நிதி மோசடிக்கு உள்ளானோர் 1930 என்ற தேசிய உதவி எண்ணில் உடனடியாகப் புகார் அளிக்கலாம்.

விஷுவல் பேசிக் 6 மென்பொருள் உருவாக்கக் கருவிக்கான ஆதரவு 2008-ஆம் ஆண்டிலேயே நிறுத்தப்பட்டது குறிப்பிடத்தக்கது. எனவே, பழைய மென்பொருள் இயங்கிக்கொண்டிருக்கும்போதே அதன் தரவைப் புதிய மென்பொருளுக்கு மாற்றிக்கொள்வதே நிலையான தீர்வாகும்.