கென்ட்ரிக் லமாரின் ஆறு ஆல்பங்கள்

‘ராப்’ என்ற சொல்லைக் கேட்டவுடன் முகம் சுளிப்போர் நம்மிடையே பலர். “இது பாட்டா, பேச்சா?” என்று விடுதி நண்பர்களே என்னைக் கேட்டதுண்டு. இரண்டும்தான் என்பதே என் விடை. 1970களில் நியூயார்க் நகரின் பிராங்ஸ் பகுதியில் பிறந்த இக்கலையில் மெட்டைவிடச் சொல்லுக்கே முதலிடம். தாளத்தின்மீது எதுகையும் இயைபும் அடுக்கிச் சொல்லிக்கொண்டே போவார்கள். இதில் முன்னணியில் நிற்போருள் ஒருவர் கென்ட்ரிக் லமார். 1987இல் கலிபோர்னியா மாநிலத்தின் காம்ப்டன் நகரில் பிறந்தவர். 2011 முதல் 2024 வரை அவர் வெளியிட்ட முழு ஆல்பங்கள் ஆறு. அவற்றை வரிசையாகக் கேட்டபோது எனக்குப் புலப்பட்ட ஒன்றைச் சொல்லவே இக்கட்டுரை.

முதல் ஆல்பமான ‘செக்ஷன்.80’இல் கீஷா என்னும் பெண்ணைப் பற்றி ஒரு பாடல் உண்டு. தெருவில் உடலை விற்றுப் பிழைத்து, அங்கேயே கொலையுண்டு மடிகிறாள் அவள். கேட்போர் நெஞ்சம் கசியும். பாடகரையும் பாராட்டத் தோன்றும். அடுத்த ஆண்டு ‘குட் கிட், மேட் சிட்டி’ வந்தது. அதில் பன்னிரண்டு நிமிடம் நீளும் ஒரு பாடலில், அதே கீஷாவின் உடன்பிறந்தாள் பேச வருகிறாள். பாராட்டுவதற்கு அன்று, சண்டை பிடிப்பதற்கு! மாண்டவளைப் பாட்டில் வைத்து ஊரறியச் செய்ய நீ யார் என்று பொரிந்து தள்ளுகிறாள். தான் மங்கிப் போகப் போவதில்லை என்று அவள் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, குரல் மெல்ல மெல்ல மங்கி மறைகிறது.

இவ்விடத்தில் என்னைப் பற்றி ஒரு சொல். சென்ற ஆண்டு இம்மலரில் நான் எழுதிய சிறுகதையை நண்பர்கள் நினைவில் வைத்திருக்கலாம். எனக்குத் தெரிந்த ஓர் அம்மையாரின் வாழ்வைத்தான் பெயர் மாற்றி எழுதியிருந்தேன். யாரென்று மீண்டும் எழுதப் போவதில்லை. மலர் வெளிவந்தபின் அவர் மகள் என்னிடம் வந்து, “எங்கம்மா கதையை எழுதச் சொல்லி உங்களை யாருண்ணே கேட்டா?” என்றாள். என்னிடம் விடை இல்லை. லமாரிடம் இருக்கிறதா என்று தேடத்தான் மற்ற ஆல்பங்களையும் கேட்டேன் என்பதே உண்மை.

2012 ஆல்பம் முழுவதும் ஒரே கதைதான். தாயின் வேனை வாங்கிச் சென்ற இளைஞன் காம்ப்டன் தெருக்களில் களவும் கொலையும் காண்கிறான். வேன் எங்கே என்று பெற்றோர் தொலைபேசியில் விட்ட செய்திகள் நடுநடுவே ஒலிக்கின்றன. நிகழ்ச்சிகள் கால வரிசைப்படி வாரா. நாம்தான் கோத்துக்கொள்ள வேண்டும்.

2015இல் வெளியான ‘டு பிம்ப் எ பட்டர்ஃபிளை’ ஆறனுள் தலையாயது என்பது என் கருத்து. கமாசி வாஷிங்டன் போன்ற ஜாஸ் கலைஞர்கள் இதில் வாசித்துள்ளனர். லமார் 2014இல் தென்னாப்பிரிக்கா சென்றுவந்த அனுபவமும் இதில் கலந்துள்ளது. ஒரு கவிதை பாடலுக்குப் பாடல் சில அடிகளாக வளர்ந்து, இறுதியில் முழுமையாக வாசிக்கப்படுகிறது. வாசித்துக் காட்டப்படுபவரோ 1996இல் கொலையுண்ட டூபாக் ஷகூர்! 1994இல் அவர் அளித்த பேட்டியின் ஒலிப்பதிவை வெட்டி ஒட்டி உரையாடலாக்கியிருக்கிறார்கள். ‘ஆல்ரைட்’ என்ற பாடலைக் காவல்துறை வன்முறைக்கு எதிராக வீதியில் திரண்டோர் அவ்வாண்டே முழங்கினர். எனினும் என்னை உலுக்கியது வேறொரு பாடல். விடுதி அறையில் குடித்துவிட்டு அழுதபடி, மருத்துவமனையில் மாண்ட நண்பனை நேரில் வந்து பார்க்காத தன்னைத் தானே ஏசிக்கொள்கிறார். கீஷாவின் உடன்பிறந்தாள் நீட்டிய விரல் இப்போது அவருடையதாகிவிட்டது.

2017இல் வந்த ‘டேம்’ ஆல்பத்தின் கடைசிப் பாடல், கோழி வறுவல் கடையில் வேலை பார்த்த அவர் தந்தையைப் பற்றியது. கடையைக் கொள்ளையடிக்க எண்ணியிருந்த ஒருவருக்குத் தந்தை இலவசமாகக் கோழி கொடுத்து நட்பாக்கிக்கொள்கிறார். அவரே பின்னாளில் லமாரின் ஆல்பங்களை வெளியிட்ட நிறுவனத்தைத் தொடங்கியவர்! இந்த ஆல்பத்துக்கு 2018இல் இசைக்கான புலிட்சர் பரிசு கிடைத்தது. செவ்வியல், ஜாஸ் ஆகிய இரண்டுக்கும் வெளியே அப்பரிசு சென்றது அதுவே முதன்முறை.

ஐந்தாண்டு கழித்து, 2022இல், ‘மிஸ்டர் மொரேல் அண்ட் தி பிக் ஸ்டெப்பர்ஸ்’. இதில் பிறர் வீட்டுக் கதை குறைவு. தாய்க்கு நேர்ந்த கொடுமையையும், மனைவியாக வாழ்பவருக்குத் தாம் இழைத்த துரோகத்தையும் சொல்கிறார். என் தேடலுக்கு அருகில் வந்த ஆல்பம் இதுதான். ஆனாலும் சிக்கல் தீர்ந்தபாடில்லை. பாலினம் மாறிய உறவினரைப் பற்றிய பாடலில் அவர் பழைய பெயரைச் சொன்னது தகுமா என்ற விவாதம் எழுந்தது. தாயும் உறவினரும் நம்முடையவர்கள் என்பதாலேயே அவர்தம் கதை நம்முடையதாகிவிடுமா?

2024 நவம்பரில் முன்னறிவிப்பின்றி வந்த ‘ஜி.என்.எக்ஸ்.’ ஒரு காரின் பெயர் தாங்கியது. பன்னிரண்டு பாடல்கள், துள்ளலான தாளம். காதுக்கு இனிது. பழைய கேள்வி மட்டும் எனக்கு அதில் அதிகம் கேட்கவில்லை.

கேட்க விரும்பும் நண்பர்கள் கீஷாவின் பாடலை முதலில் கேட்டுவிட்டு 2012 ஆல்பத்துக்குச் செல்லலாம். பாடல் வரிகளை எதிரில் வைத்துக்கொள்வது நலம்; எனக்கு அகராதியும் வேண்டியிருந்தது. வசைச்சொற்கள் மிகுதியாதலால், விடுதியில் இயர்போன் இன்றிக் கேட்க வேண்டாம்.